நானே கொண்டுபோய்க் கொடுத்த கொப்பி

முப்பத்திரண்டு வருடம் அரசாங்கத்தில் இருந்தவன் நான். எழுதுவினைஞனாக நுழைந்து நிருவாக உத்தியோகத்தராக வெளியே வந்தேன். எந்தக் கடிதத்துக்கு எத்தனை பிரதி, எந்தப் படிவம் எந்த மேசைக்குப் போகும், அந்த மேசையில் எத்தனை நாள் தூங்கும் என்று கேட்டால் பதில் சொல்ல எனக்குச் சுற்றுநிருபம் தேவையில்லை. இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை. இந்த அறிவு ஒருவனை எங்கே கொண்டுபோய் விடும் என்று எழுதிவைக்க நினைக்கிறேன்.

ஓய்வு பெற்றவர்கள் எங்கள் பக்கத்தில் பள்ளிவாசல் நிர்வாகத்தில் சேருவார்கள், அல்லது ஒரு ஏக்கர் தென்னங்காணி வாங்கி அதோடு சண்டை பிடிப்பார்கள். நான் எழுத்துக்களின் வரலாற்றைப் பிடித்துக்கொண்டேன். வாழ்நாள் முழுவதும் எழுத்துக்களை இடம்மாற்றிச் சம்பளம் வாங்கியவன், அவை எங்கிருந்து வந்தன என்று ஒருநாளும் கேட்டதில்லை. புத்தகங்களை வரவழைத்தேன். இணையத்தில் கிடைத்ததை அச்செடுத்துக் கோவைகளாகக் கட்டினேன். கடைசியில் ஒரு பெரிய பிரிஸ்டல் போட் அட்டையில் எழுத்துக்களின் வம்சவழியை வரைந்து முன் அறைச் சுவரில் ஒட்டினேன். காணி வழக்குக்கு வம்சவழி வரைந்து பழகிய கை, நன்றாகவே வந்தது.

உச்சியில் ஒரு மாட்டுத் தலை. ஏறக்குறைய நாலாயிரம் வருடத்துக்கு முன் சினாய்ப் பாலைவனத்தில் கல் தோண்டும் சுரங்கங்கள் இருந்தன. எகிப்திய உத்தியோகத்தர்களிடம் நூற்றுக்கணக்கான பட எழுத்துக்கள். கற்றுக்கொள்ளவே பாதி ஆயுள் போய்விடும். அங்கே வேலைக்கு வந்த செமித்திய ஆட்களுக்கு அவற்றை வாசிக்கத் தெரியாது. படங்களை மட்டும் பார்த்தார்கள். மாட்டுத் தலையைக் கீறி, தங்கள் மொழியில் மாட்டுக்கு உள்ள பெயரின் முதல் ஒலிக்கு அதை வைத்துக்கொண்டார்கள். வீட்டுக்கு ஒரு படம், தண்ணீருக்கு ஒரு படம், கண்ணுக்கு ஒன்று. இருபத்துச் சொச்சம் படங்களோடு காரியம் முடிந்தது. அப்படி ஒரு சாரார் சொல்கிறார்கள். படித்த உத்தியோகத்தர்களுக்கு ஆயிரம் வருடமாகத் தோன்றாத ஒன்று படிக்காத கூலிகளுக்குத் தோன்றியது என்பது எனக்குச் சற்று உறுத்தலாகத்தான் இருந்தது.

பிறகு கப்பல்காரர்களான பினீசியர் அந்த மாட்டைப் பக்கவாட்டில் சாய்த்தார்கள். கிரேக்கர் எடுத்து நிமிர்த்தினார்கள். தலைகீழாக நிற்கும் அந்த மாடுதான் இங்கிலிசின் முதல் எழுத்து. இன்னொரு கிளை அரமேயர்களுடையது. பாரசீகப் பேரரசின் குமாஸ்தாக்கள் எல்லோரும் அரமேய எழுத்தில் எழுதினார்கள். கவிஞர்களை விடக் குமாஸ்தாக்கள்தான் எழுத்தை உலகம் முழுக்கக் கொண்டுபோனார்கள் என்ற இடத்தை வாசித்தபோது மனைவியைக் கூப்பிட்டுச் சொன்னேன். அவள் ஓம், சரி என்றுவிட்டு மீன் வெட்டப் போய்விட்டாள். அந்தக் குமாஸ்தா எழுத்து ஒரு பக்கம் தேய்ந்து அரபு ஆயிற்று. மாடு அங்கே நேரான ஒரு கோடாக அலிஃப் என்று நிற்கிறது. மற்றப் பக்கம் அது கிழக்கே வந்து பிராமி ஆயிற்றா என்பதில் அறிஞர்களிடையே வழக்கு இன்னும் முடியவில்லை. ஆகவே அந்த இடத்தில் புள்ளிக்கோடு போட்டேன். பிராமிக்குக் கீழே ஓலையில் கிழியாமல் இருக்க வளைந்து வளைந்து உருண்டுபோன தமிழும் சிங்களமும். அடியில், ஒரு மூலையில், இரண்டு கிளைகள் திரும்பச் சேரும் இடத்தில் அரபுத் தமிழ் என்று எழுதினேன். தமிழை அரபு எழுத்தில் எழுதுவது. அரபியில் இல்லாத எங்கள் ஒலிகளுக்கு இருக்கிற எழுத்துக்களின் மேலும் கீழும் புள்ளி கூட்டிச் செய்த எழுத்து.

அந்த எழுத்தில் எங்கள் வீட்டில் ஒரு கொப்பி இருந்தது, பழைய நோட்டுப் புத்தகம். உம்மாவுடையது. எங்கள் ஊரில் அந்தக் காலத்துப் பெண்பிள்ளைகளுக்கு, பெரியபிள்ளையானதும் பள்ளிக்கூடம் நின்றுவிடும். ஓதப் போன இடத்தில் படித்த அரபு எழுத்து மட்டும் கையில் மிஞ்சும். அதைக்கொண்டு அவர்கள் தமிழில் எழுதினார்கள். உம்மாவும் என் அக்காவான ராத்தாவும் அப்படித்தான். நான் ஆண்பிள்ளை, பள்ளிக்கூடம், சோதனை, உத்தியோகம். எனக்கு அரபு எழுத்துக்கள் தனித்தனியாகத் தெரியும். உம்மாவின் கொப்பியில் அவை ஒன்றோடொன்று கைகோத்து, உயிர்க்குறிகளை அங்கங்கே விழுத்திவிட்டு ஓடும். அதை வாசிக்க எனக்குத் தெரியாது.

தொண்ணூறாம் ஆண்டு ஆயுத இயக்கம் முஸ்லிம்களையெல்லாம் மன்னாரிலிருந்து போகச் சொன்னபோது உம்மா எடுத்துவந்த பையில் அந்தக் கொப்பியும் இருந்தது. வழியில் இயக்கப் பொடியன்கள் பையைக் கொட்டிப் பார்த்தார்கள். நகை எடுத்தார்கள். கொப்பியைத் திறந்த பொடியன் அரபு எழுத்தைக் கண்டதும் ஓதும் கிதாபு என்று நினைத்து, மரியாதையாக மூடி, இரண்டு கையாலும் திருப்பிக் கொடுத்தான்.

இனி அந்த ஏப்ரலுக்கு வருகிறேன். தேவாலயங்களிலும் ஹோட்டல்களிலும் குண்டு வெடித்த வருடம்; வைத்தவர்கள் முஸ்லிம்கள் என்பதால் சந்தேகம் எங்கள் எல்லோர் மேலும் விழுந்தது. யுத்தம் முடிந்து பத்து வருடமாகி, ஜீப் சத்தம் கேட்டால் ஜன்னலுக்கு ஓடாமல் இருக்கப் பழகியிருந்தோம். பழகியது ஒரு கிழமையில் அழிந்துவிட்டது. நாங்கள் வந்து குடியேறிய புத்தளம் பகுதியில் தெருத் தெருவாகச் சோதனை. குசினியில் உள்ள பெரிய கத்தியை வைத்திருப்பதா புதைப்பதா என்று பெண்கள் மதிலுக்கு மேலால் கதைத்தார்கள். கத்தியை விட மோசம் அரபுப் புத்தகம். கத்தி எதற்கென்று எல்லோருக்கும் தெரியும். இரண்டு தெரு தள்ளி ஒரு வாத்தியாரை ஒரு கட்டுப் புத்தகத்தோடு ஏற்றிக்கொண்டு போனார்கள். அது அரபு இலக்கணம் என்று அவர் சொல்லிக்கொண்டே ஏறினாராம்.

அதற்குப் பிறகு எல்லா வீட்டு வளவிலும் புகை. பகல் பத்து மணிக்கும் நாலு மணிக்கும், தென்னம் மட்டை எரிக்கிறோம் என்ற சாட்டில். எரிக்க மனம் வராதவர்கள் புத்தகங்களைக் களப்புத் தண்ணீரில் போட்டார்கள். களப்பு அவற்றை வைத்துக்கொள்ளவில்லை. காலையில் நடக்கப் போனபோது கரையோரச் சேற்றில் தாள்கள் ஊறி ஒட்டிக் கிடந்தன. ஒரு கழுதை அவற்றில் ஒன்றை மென்றுகொண்டிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன் என்று யாரும் என்னைப் பார்த்துவிடக் கூடாதே என்ற பயத்தில் வேகமாக வீட்டுக்கு வந்தேன்.

மனைவி வம்சவழியைச் சுவரிலிருந்து உரித்துச் சுருட்டி வைத்திருந்தாள். கொப்பி மேசையில். நெருப்புப்பெட்டி அதன் மேல்.

"எரிச்சிப் போடுங்க," என்றாள். "உம்மா இருந்தாலும் இதைத்தான் சொல்லுவா."

"ஆவணங்களை அதிகாரமில்லாமல் அழிக்க ஏலாது."

"யாருட ஆவணம்? ஒரு பழைய கொப்பி."

நான் அவளுக்குச் சொல்லாத காரணம் எனக்கு எரிக்கப் பயம் என்பது. எரியும்போது ஜீப் வந்தால்? பாதி எரிந்த அரபு எழுத்தை விட மோசமான சாட்சி உண்டா? வைத்திருக்கவும் பயம், எரிக்கவும் பயம், களப்பில் போடவும் பயம். இரண்டு நாள் இப்படியே போனது. வாசல் கேற் காற்றில் அடித்தால் கழிவறைக்குப் போவேன். மூன்றாம் நாள் காலையில், பயந்துபோன உத்தியோகத்தனுக்கு மட்டுமே தோன்றக்கூடிய வழி எனக்குத் தோன்றியது. சுயவிருப்பில் சமர்ப்பித்தல்.

சிங்களத்தில் கடிதம் எழுதினேன். இன்ன விலாசத்தில் வசிக்கும் ஓய்வுபெற்ற உத்தியோகத்தராகிய நான், எனது உடைமையிலுள்ள பின்வரும் பொருட்களை ஒளிவுமறைவின்றித் தங்கள் கவனத்துக்குக் கொண்டுவருகிறேன். இணைப்பு ஒன்று: வரைபடம். இணைப்பு இரண்டு: கையெழுத்துக் கொப்பி, தாள்கள் எண்பத்திநாலு. மூன்று பிரதிகள், ஒன்றில் பெற்றுக்கொண்டதாகக் கையொப்பம் வாங்க இடம் விட்டு. அது நல்ல கடிதம். இப்போதும் அதில் ஒரு பிழை காட்ட ஏலாது.

மனைவி வாசலில் நின்றாள். "கேக்காதவனுக்கு ஏன் போய்ச் சொல்றீங்க?"

"கேக்கிறதுக்கு முதல் சொன்னால்தான் அது நேர்மை."

அவள் குரலைத் தாழ்த்தினாள். "அதுல அவர் இருந்தா?"

 இரண்டு நாள் பயத்திலும் நான் நினைக்காத ஒன்றை அவள் நினைத்திருந்தாள்.

அவர் என்றது என் தம்பி. பத்தொன்பது வயதில், மன்னாரில், ஒரு காலை ஒரு இயக்கத்தோடு போய்விட்டான். எந்த இயக்கம் என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது. அந்தக் காலத்தில் பல இருந்தன, எங்கள் பொடியன்களும் சிலர் போனார்கள். சவூதிக்குப் போய்விட்டான் என்று ஊருக்குச் சொன்னோம். திரும்பி வரவில்லை. பல வருடம் கழித்து, புத்தளத்தில், பதவி உயர்வுக்கு முன் ஒரு படிவம் தந்தார்கள். சகோதரர் விபரம், அவர்கள் எவரேனும் எந்த அமைப்பிலேனும் இருந்தனரா. அந்தக் கட்டத்தில் நான் ராத்தாவின் பெயரை மட்டும் எழுதினேன். சகோதரர் எண்ணிக்கை ஒன்று. மேற்கூறியவை உண்மையென இத்தால் உறுதிப்படுத்துகிறேன். கையொப்பம். அந்தப் படிவம் என் சுயவிபரக் கோவையில் இருக்கிறது. அதன் மேல்தான் என் பதவியும் ஓய்வூதியமும் நிற்கின்றன. பொய்ப் பிரகடனத்துக்கு என்ன தண்டனை என்பதும், அதற்குக் காலாவதி கிடையாது என்பதும் எனக்கு நன்றாகத் தெரியும். அப்படி ஒரு விசாரணையை நானே ஒருமுறை நடத்தியிருக்கிறேன்.

கொப்பியில் தம்பி இருக்கிறானா? உம்மா எழுதாமலா இருந்திருப்பார்? அப்போதே திரும்பியிருக்க வேண்டும். ஓட்டோ வாசலில் நின்றது, கடிதத்தில் திகதி போட்டாகிவிட்டது. போனேன்.

பொலிஸ் நிலையத்தில் வாங்கில் உட்கார்ந்தபடி ஒன்றரை மணித்தியாலம். பிறகு ஒரு உப பரிசோதகர் கூப்பிட்டார். நாற்பது வயது இருக்கும், பல நாள் தூங்காத கண். பக்கத்தில் மொழிபெயர்க்க ஒரு தமிழ்க் கான்ஸ்டபிள்; சிலாபம் பக்கத்துக் கத்தோலிக்கப் பிள்ளை, சட்டைக்குள் சிலுவைச் சங்கிலி தெரிந்தது. எனக்குச் சிங்களம் தேவைக்கு மேல் தெரியும். ஆனாலும் விதிப்படி மொழிபெயர்ப்பாளர் இருக்கத்தான் வேண்டும்.

பரிசோதகர் கடிதத்தை இரண்டு முறை வாசித்தார். யாராவது அனுப்பினார்களா என்று கேட்டார். நானே வந்தேன் என்றேன். அது அவருக்குப் பிடிக்கவில்லை. வரைபடத்தை விரித்தார். அந்த மாட்டுத் தலை எந்த அமைப்பின் சின்னம் என்று கேட்டார். சினாய்ச் சுரங்கத்திலிருந்து தொடங்கினேன். சிங்கள எழுத்தும் தமிழ் எழுத்தும் பிராமியின் பிள்ளைகள், ஒருவேளை அரபும் ஒன்றுவிட்ட உறவாக இருக்கலாம் என்றேன். என் குரல் எனக்கே கீச்சென்று கேட்டது. அவர் விரல் புள்ளிக்கோட்டில் வந்து நின்றது.

இது என்ன என்று கேட்டார்.

"நிரூபிக்கப்படாத தொடர்பு," என்றேன்.

பொலிஸ் நிலையத்தில் ஒருவன் சொல்லக்கூடிய சொற்களில் இதை விடக் கெட்டவை இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. கான்ஸ்டபிள் என்னைப் பார்த்த பார்வையில் இரக்கம் இருந்தது. அதுதான் என்னை அதிகம் பயப்படுத்தியது.

கொப்பியைத் திறந்தார்கள். அரபு என்றார் பரிசோதகர். எழுத்து அரபு, மொழி தமிழ் என்றேன். தமிழை எழுதத் தமிழ் எழுத்து இருக்கும்போது ஏன் வேறு எழுத்தில் எழுதினார்கள், யாருக்குத் தெரியாமல் இருக்க என்று கேட்டார். நியாயமான கேள்வி. யாருக்கும் தெரியாமல் இருக்க இல்லை, தெரிந்தது அது ஒன்றுதான் என்றேன். சரி, இதில் என்ன எழுதியிருக்கிறது என்றார்.

தெரியாது என்றேன்.

 உள்ளடக்கம் தெரியாத ஒரு ஆவணத்தைச் சான்றுப்படுத்திக் கையொப்பமிட்டுக் கொண்டுவந்திருக்கிறேன். என் மேசைக்கு இப்படி ஒரு விண்ணப்பம் வந்திருந்தால் விண்ணப்பதாரியின் மண்டையைப் பற்றி ஓரத்தில் ஒரு குறிப்பு எழுதித் திருப்பி அனுப்பியிருப்பேன். 

பரிசோதகர் கோபப்படவில்லை. நாளைக்குப் பத்து மணிக்கு, இதை வாசிக்கக்கூடிய ஒருவரை நானே கூட்டிவர வேண்டும். வராவிட்டால் கொப்பி கொழும்புக்குப் போகும், நானும் போக வேண்டியிருக்கும். கான்ஸ்டபிளிடம் ஒவ்வொரு பக்கத்தையும் போனில் படம் பிடிக்கச் சொன்னார். எண்பத்திநாலு தாள், இரண்டு புறமும். அவர் பிடித்து முடியும்வரை நான் நின்றேன். என் பிரதியில் கையொப்பம் போட்டுத் தந்தார்கள். அதுவரைக்கும் முறை பிசகவில்லை.

வாசிக்கக்கூடியவர் எனக்குத் தெரிந்து ஒருவர்தான். பள்ளிவாசல்துறையில் இருக்கும் என் ராத்தா. எழுபது கடந்தவர், மௌத்தாகி இல்லாமல்போன மச்சானின் கருவாட்டு வேலையைத் தானே நடத்துகிறார். அன்று பிற்பகலே போனேன். கச்சான் காற்று தொடங்கியிருந்தது. சாளை மீன் காயும் பாய் பறக்காமல் ஓரத்தில் கல் வைத்துக்கொண்டிருந்தார். நான் சொல்லி முடியும்வரை ஒரு கல்லையும் விடவில்லை.

"நாலு பாஷை படிச்ச ஆள்," என்றார். "உம்மாட கொப்பிய வாசிக்க கருவாட்டுக்காரி வேணும்."

"ராத்தா, பகிடி விடாதீங்க. பிடிச்சிட்டுப் போவாங்க."

"என்ட கொப்பியெல்லாம் ஏழு நாளைக்கு முந்தி அடுப்புக்க. சோறு கூட நல்லா வெந்திச்சு." பிறகு நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார். "உன்னைக் கேட்டாங்களா, நீயாப் போனியா?"

நானாகப் போனேன் என்றேன். அவர் சிரிக்கவில்லை. அதிலிருந்து என் நிலைமை எனக்கு விளங்கியது. தம்பியைப் பற்றி அதில் இருக்கிறதா என்று கேட்க வாயைத் திறந்தேன். படிவத்தைப் பற்றி அவருக்குத் தெரியாது என்று நம்பியிருந்தேன். கூடப்பிறந்த தம்பியைக் கட்டத்தில் போடாமல் விட்டேன் என்று அவருக்கு எப்படிச் சொல்வது? காலையில் ஏழரைக்கு ஓட்டோ வரும் என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தேன். அன்றைக்கு முழுக்க, அவர் தம்பியின் பெயரை உரத்து வாசிப்பதும் கான்ஸ்டபிள் அதைச் சிங்களத்தில் எழுதுவதும் கண்ணுக்குள் ஓடிக்கொண்டே இருந்தன.

மறுநாள் ராத்தா நல்ல அபாயா உடுத்து, முகம் திறந்து, கைப்பையில் கண்ணாடிக் கூட்டோடு வந்தார். பரிசோதகருக்கு எதிரில் கதிரையில் இருந்தார். என்னை நிற்கச் சொன்னார்கள், ராத்தாவின் தோளுக்குப் பின்னால். அங்கிருந்து பக்கம் எனக்குத் தெரிந்தது.

பரிசோதகர் தன் விருப்பப்படி பக்கம் புரட்டுவார், ராத்தா வாசிப்பார், கான்ஸ்டபிள் சிங்களத்தில் சொல்லி எழுதுவார். முதல் பக்கம் ஒரு பிள்ளையின் காய்ச்சல்; வேப்பம் பட்டை, மிளகு, எத்தனை நாள். அந்தப் பிள்ளை நான்தான் என்று ராத்தா இடையில் சேர்த்தார், சின்ன வயதிலும் நான் நோஞ்சான்தான் என்று. கான்ஸ்டபிள் அதையும் மொழிபெயர்த்தார். அடுத்தது ஓதவேண்டிய துஆக்களின் பட்டியல். அடுத்தது யார் யாருக்கு எந்த வீட்டில் பெண் கேட்டது. பரிசோதகரின் கண் சொருகத் தொடங்கியது. 

அப்போது அவர் பின்பக்கமாகப் புரட்டினார். கிட்டத்தட்ட வெறுமையான ஒரு பக்கம். இரண்டே இரண்டு வரி. இது என்ன, இவ்வளவு சிறியது என்று அவர் கண் விழித்துக்கொண்டது.

நானும் பார்த்தேன். முதல் வரியில் அரபு இலக்கம் மூன்று. அது எனக்கு வாசிக்கத் தெரியும். இரண்டாம் வரியில் மூன்று சொற்கள், இடைவெளி விட்டு. முதலாவது ராத்தாவின் பெயருக்குரிய எழுத்தில் தொடங்கியது. இரண்டாவது என் எழுத்து. அதை ஓதப் பள்ளியில் ஆயிரம் முறை எழுதியிருக்கிறேன். மூன்றாவது நூன் என்ற அரபு எழுத்து. தம்பியின் பெயரின் முதல் எழுத்து.

 கதிரையின் முதுகைப் பிடித்தேன். ராத்தா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மெதுவாகத் துடைத்தார். போட்டுக்கொண்டார். வாசித்தார்.

"இண்டைக்குக் கடல் சரியில்ல. வள்ளம் ஒண்டும் போகல்ல. சின்னம்மா வீட்டால பெரிய பூசணிக்காய் ஒண்டு வந்திச்சு. பாதியை ஆக்கினேன், பாதியை அயல்ல குடுத்தேன். தேங்காய்ப்பால் கொஞ்சம் கூடிப்போச்சு. பிள்ளைகள் குறை சொன்னாங்க. மூத்தவன் மட்டும் குறை சொல்லாமத் திண்டான், அவனுக்கு ருசி தெரியாது. கடுகு தாளிச்சிருந்தா இன்னும் நல்லா இருந்திருக்கும்."

குரல் நடுங்கவில்லை. விரல் வரியின் கீழே நகர்ந்தது, வரி முடிந்ததும் திரும்ப அதே வரியின் தொடக்கத்துக்கு வந்து மறுபடி நகர்ந்தது. கான்ஸ்டபிள் பக்கத்தைப் பார்த்தார். ராத்தாவைப் பார்த்தார். ஒரு கணம் பேனை தாளுக்கு மேல் நின்றது. பிறகு பூசணிக்காயைச் சிங்களத்தில் சொல்லத் தொடங்கினார். பரிசோதகர் கேட்டு முடித்து, போதும் என்று கொப்பியை மூடினார். தன் தாயும் இப்படித்தான், நாட்காட்டியின் பின்னால் கறிக்கணக்கு எழுதுவார் என்றார். முதல் பக்கத்தில் றப்பர் முத்திரை குத்தி, கையொப்பம் வைத்து, திருப்பித் தந்தார்.

வரைபடத்தைத் தரவில்லை. அது விளக்கம் வரும்வரை இருக்கட்டும் என்றார். நான் கேட்கவுமில்லை. கூலிகளின் எழுத்தை ஒரு கருவாட்டுக்காரி ஐந்து நிமிடத்தில் விளங்கப்படுத்திவிட்டார். உத்தியோகத்தன் வரைந்தது இன்னும் விசாரணையில் இருக்கிறது.

வாசல்வரை கான்ஸ்டபிள் கூட வந்தார். ராத்தா ஓட்டோவில் ஏறிவிட்டார்.

"சேர், ஒரு கதை."

நின்றேன்.

"அந்தப் பக்கத்தில ரெண்டு வரிதான் இருந்தது. அம்மா வாசிச்சது ஏழெட்டு வரி வரும்."

 மறுக்க வேண்டும் என்று தெரிந்தது, மறுப்பதற்குரிய வாசகங்கள் எல்லாம் எனக்குப் பாடம், ஒன்றும் வரவில்லை.

"என்ட பெரியம்மா குண்டு வெடிச்ச அண்டைக்குப் பூசைக்குக் கோயிலுக்குப் போனவ," என்றார். "திரும்பி வரல்ல. அதால நான் எல்லாத்தையும் ரெண்டு தரம் பாக்கிறன்." வெளியே வந்திருந்த சிலுவைச் சங்கிலியைச் சட்டைக்குள் தள்ளினார். "அது என்னெண்டு எனக்குத் தெரியாது. கெட்டதெண்டா அந்த அம்மாட கை நடுங்கியிருக்கும். நடுங்கினது உங்கட கைதான். பூசணிக்காயெண்டு நான் எழுதிப் போட்டன். இனி அது பூசணிக்காய்தான் சேர்."

அவர் உள்ளே போய்விட்டார். கோவையில் ஏறியது எதுவோ அதுவே உண்மை என்பதை இவ்வளவு சுருக்கமாக எந்தச் சுற்றுநிருபமும் சொன்னதில்லை.

ஓட்டோ எத்தாளைப் பக்கம் திரும்பியது. பிறகு கொப்பியைத் திறந்து அந்தப் பக்கத்தை ராத்தாவின் மடியில் வைத்தேன். ஓட்டோக்காரனுக்குக் கேட்கக் கூடாதென்று கையால் காட்டினேன். அவர் என் காதுக்கருகில் குனிந்தார்.

"பெரியவன் இண்டைக்கு ஒரு படிவம் நிரப்பினான். எனக்குப் பிள்ளைகள் மூண்டு பேர்." அதற்குக் கீழே மூன்று பெயர்கள். அவ்வளவுதான்.

உப்பளங்கள் வெயிலில் வெள்ளையாக ஓடின. அந்தப் படிவத்தை நான் குசினி மேசையில் வைத்துத்தான் நிரப்பினேன். உம்மா எதிரில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். தமிழ் எழுத்து அவருக்கு வாசிக்க வராது. ஆகவே அவர் பார்க்க நிரப்பினேன். கட்டத்தில் எத்தனை பெயர் எழுதினேன் என்பதை எண்ண எழுத்துத் தெரியத் தேவையில்லை என்பது எனக்குத் தோன்றவில்லை.

"உங்களுக்கு எப்பத் தெரியும்?" என்று கேட்டேன்.

"உம்மா எழுதின அண்டைக்கே வாசிச்சிட்டேன்."

"ஒண்டும் சொல்லேல்லையே."

"நீ உத்தியோகத்துக்குப் போக வேணும் எண்டு உம்மாவுக்கும் ஆசைதானே." கொப்பியை மூடி என் மடியில் போட்டார். "அவ உன்னில கோபப்பட்டு எழுதேல்ல. அவன் எங்கயாவது ஒரு இடத்தில எழுத்தில இருக்கட்டும் எண்டுதான். இனி நீ பத்திரமா வை. அடுப்புக்கு வைக்கிறதெண்டா என்னட்டத் தா, நான் வைக்க மாட்டேன்."

இது நடந்து சில வருடமாகிறது. கொப்பி அலுமாரியில் இருக்கிறது, முதல் பக்கத்தில் பொலிஸ் முத்திரையோடு. அரச முத்திரை குத்திய ஒரே அரபுத் தமிழ்க் கையெழுத்து அதுவாகத்தான் இருக்கும். ஆனால் அதன் நூற்றி அறுபத்தெட்டுப் பக்கமும் ஒரு போனில் இருக்கின்றன, அல்லது ஒரு கணினியில், அல்லது நான் சமர்ப்பித்த கடிதத்தோடு ஒரு கோவையில். கோவைகள் சாவதில்லை. அவை இடம் மாறும், தூசு பிடிக்கும், ஒருநாள் புதிதாக வந்த ஒருவர் சும்மா திறந்து பார்ப்பார். அந்த எழுத்தை வாசிக்கக்கூடிய பெண்கள் குறிஞ்சிப்பிட்டியிலிருந்து மன்னார்வரை எத்தனையோ வீட்டில் இருக்கிறார்கள். எவரோ ஒருவரைக் கூப்பிட்டு இது என்ன என்று கேட்டால் போதும். அவர் ராத்தாவைப் போல் கண்ணாடி துடைப்பார் என்று என்ன நிச்சயம்?

பிரகடனத்தைத் திருத்துவதற்கும் ஒரு படிவம் உண்டு. எங்கே கிடைக்கும், யாரூடாக அனுப்ப வேண்டும் என்று எனக்குத் தெரியாமலா? எடுத்து நிரப்பியும்விட்டேன். சகோதரர் எண்ணிக்கை: இரண்டு. பெயர்கள் இரண்டும் எழுதினேன். இரண்டாவது பெயரை எழுதும்போது நூனில் தொடங்கப் போன கையை இழுத்துப் பிடித்து, தமிழில் எழுதினேன். மூன்று பிரதி. அலுமாரி லாச்சியில், கொப்பிக்கு மேலே.

கையொப்பமும் திகதியும் மட்டும் பாக்கி. கச்சான் காற்றுக் காலத்தில் வாசல் கேற் அடிக்கும்போது எழுந்து போய் ஜன்னலால் பார்க்கிறேன். யாருமில்லை என்று கண்டதும் லாச்சியைத் திறந்து, மூன்று பிரதியும் இருக்கின்றனவா என்று எண்ணிவிட்டு மூடுகிறேன்.